கால விதிச் சுவடியும் நம் வீட்டுப் பரணும்

(நூலக வாசகர் வட்டக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

விழாத் தலைவர் அவர்களே, அலுவல்களுக்கு நடுவே வந்து முன்வரிசையில் அமர்ந்திருக்கும் வட்டாட்சியர் அவர்களே, எங்களுக்கெல்லாம் யாப்பு சொல்லிக்கொடுத்த தமிழாசிரியர் ஐயா அவர்களே, இந்த நூலகத்தைத் தன் வீடுபோல் பார்த்துக்கொள்ளும் நூலகர் அம்மா அவர்களே, வணக்கம். ஊராட்சி மன்றத் தலைவர் வந்துகொண்டே இருக்கிறாராம். அவருக்கும் சேர்த்து இப்போதே ஒரு வணக்கம். பொன்னாடை வேண்டாம் என்று சொல்லியும் போர்த்திவிட்டார்கள். வைகாசி வெயிலில் அதன் அருமை எனக்குத்தான் தெரியும்.

இன்றைய தலைப்பைக் கொடுத்தவர் ஒரு கல்லூரி மாணவர். அவர் எழுதும் கதையில் காலப் பயணத்தின் விதிகளைச் சொல்லும் பழஞ்சுவடி ஒன்று வருகிறது. முதல் விதி: பாட்டனைப் பார்க்கலாம், உறவைச் சொல்லக் கூடாது. இரண்டாம் விதி: போன வழியேதான் திரும்ப வேண்டும். மூன்றாம் விதி இருந்த இடத்தைச் செல் அரித்துவிட்டது. தம்பி, கதையில் எனக்குப் பிடித்ததே அந்த மூன்றாம் விதிதான். இதைப் பற்றி அறிவியல், புராணம், சுவடி என்று மூன்று கோணங்களில் பேசலாம் என்று வந்திருக்கிறேன்.

அறிவியல் முதலில். முன்னோக்கிப் போவதில் சிக்கல் இல்லை. 1971இல் ஹாஃபலே, கீட்டிங் என்ற இருவர் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றினார்கள். கிழக்கே போனவை தரையில் இருந்த கடிகாரத்தைவிட 59 நானோ வினாடி பின்தங்கின, மேற்கே போனவை 273 நானோ வினாடி முந்தின. வேகத்தையும் உயரத்தையும் பொறுத்துக் காலம் ஓடுவது மாறும் என்று ஐன்ஸ்டைன் சொன்னது சரிதான் என்று ஆயிற்று. பின்னோக்கிப் போவதுதான் வம்பு. ஸ்டீஃபன் ஹாக்கிங் 2009 ஜூன் 28 அன்று காலப் பயணிகளுக்கென்று ஒரு விருந்து வைத்தார். அழைப்பிதழை விருந்து முடிந்த பிறகே வெளியிட்டார். ஒருவரும் வரவில்லை. நம் ஊரில் என்றால் அழைப்பிதழ் இல்லாமலே பந்தி நிறைந்திருக்கும்!

ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று என் அப்பத்தா அடிக்கடி சொல்லும். சுவடியில் விமானம் இருந்தது, ராக்கெட் இருந்தது என்று கேட்கும்போதெல்லாம் எனக்கு அதுதான் ஞாபகம் வருகிறது. பரத்வாச முனிவர் அருளியது என்று 'வைமானிக சாஸ்திரம்' என்ற நூலைச் சொல்கிறார்கள். அதைச் சுப்பராய சாஸ்திரி என்பவர் 1918 முதல் 1923 வரை வாயால் சொல்ல, இன்னொருவர் எழுதிக்கொண்டார். படங்களைப் போட்டவர் பெங்களூரில் இருந்த ஒரு வரைவாளர். 1974இல் இந்திய அறிவியல் கழகத்து ஆய்வாளர்கள் ஐவர் அதை அலசினார்கள். நூல் 1904க்கு முந்தியதாக இருக்க முடியாது, அந்த விமானங்கள் பறக்கவும் பறக்காது என்று எழுதிவிட்டார்கள். அதற்கு மூலச் சுவடி எங்கே என்று கேட்டால் பதில் இல்லை. சுரைக்காயும் இல்லை, ஏடும் இல்லை!

ஆனால் ஏடு இருந்த இடத்தில் நாம் என்ன செய்தோம்? இதைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார், பொறுத்துக்கொள்ள வேண்டும். உ.வே.சாமிநாதையர் சுவடி தேடி ஊர் ஊராக அலைந்த காலம். கரிவலம்வந்தநல்லூர்க் கோயிலில் பழைய ஏடுகள் குவிந்து கிடக்கின்றன என்று கேள்விப்பட்டு, ஆசை ஆசையாகப் போகிறார். கோயில் ஆளைப் பிடித்து விசாரிக்கிறார். அந்த மனிதர் நிதானமாகப் பதில் சொல்கிறார். பழைய ஏட்டைக் கண்ட இடத்தில் போடக் கூடாதாம், ஆகமம் அப்படிச் சொல்கிறதாம். அதனால் குழி வெட்டி, தீ வளர்த்து, ஒவ்வொன்றாக நெய்யில் தோய்த்து ஆகுதி செய்துவிட்டார்களாம். ஐயர் கேட்டார்: ஆகமம் அப்படிச் சொல்லியிருந்தால், முதலில் அந்த ஆகமத்தையல்லவா ஆகுதி செய்திருக்க வேண்டும்? (கைதட்டல்) கைதட்டுங்கள், ஆனால் வயிறும் எரிய வேண்டும். அந்தக் குழியில் என்னென்ன போயிற்று என்று சொல்ல இன்றைக்கு யாராலும் ஆகாது. 1981இல் யாழ்ப்பாண நூலகத்தில் தீயிட்டார்களே, அதில் போன ஓலைச்சுவடிகளுக்கும் அதே கதிதான்.

நம் ஊரில் தீ வேண்டாம், பரணே போதும். போன மாதம் ஒரு வீட்டில் உரச்சாக்குக்கு அடியில் இருந்து சுவடிக்கட்டு ஒன்றை எடுத்துக் கொடுத்தார்கள். இரண்டு பக்கமும் மரச்சட்டம், கயிறு இற்றுப்போயிருந்தது. பூச்சி துளைத்த ஓட்டை முதல் ஏட்டில் தொடங்கிக் கடைசி ஏடு வரை ஒரே நேராக ஓடுகிறது. எழுத்தே தெரியவில்லை. விளக்குக்கரியை எண்ணெயில் குழைத்துத் தடவித் துடைத்ததும் வரி வரியாக எழும்பி வந்தது. மாட்டு வாகடம்! வயிறு உப்பிய மாட்டுக்கு என்ன மருந்து என்று பாட்டாக எழுதியிருக்கிறது. புள்ளி கிடையாது, சொல்லுக்குச் சொல் இடைவெளி கிடையாது. தமிழாசிரியர் ஐயாவே கண்ணாடியை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்த்தார். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது, சரி. ஏட்டு மருந்து மாட்டுக்கு உதவியிருக்கிறதே! அதைச் சாக்குக்கு அடியில் போட்டது யார் குற்றம்?

ஓலை நல்லபடி பேணினாலே சில நூற்றாண்டுதான் தாங்கும். முன்னோர் பெயர்த்தெழுதிப் பெயர்த்தெழுதித்தான் காப்பாற்றினார்கள். அந்தப் பழக்கம் அச்சு வந்ததும் நின்றுபோயிற்று. இன்று பரணில் இருப்பது கடைசிப் படியாகவும் இருக்கலாம். தஞ்சை சரசுவதி மகாலும் சென்னைக் கீழ்த்திசைச் சுவடி நூலகமும் இருக்கின்றன, நல்லது. ஆனால் உரச்சாக்குக்கு அடியில் கிடப்பதைத் தூக்கிக்கொண்டு நம் ஆட்கள் தஞ்சாவூருக்கா போவார்கள்? வட்டாட்சியர் அவர்களுக்கு என் கோரிக்கை இதுதான். இந்த நூலகத்தில் ஒரு ஸ்கேனர், சுவடி படிக்கப் பழகிய ஒருவர், மாதம் ஒரு சனிக்கிழமை. படம் எடுத்துக்கொண்டு ஏட்டை வீட்டுக்காரரிடமே திருப்பிக் கொடுத்துவிடலாம். சுவடியைக் கொடுத்தால் திரும்பி வராது என்ற பயத்தில்தான் பாதிப் பேர் வாயே திறப்பதில்லை.

புராணத்தைப் பற்றிச் சொல்வதாகச் சொன்னேன். மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்கப் பிரம்மலோகம் போன ககுத்மி மன்னன் திரும்பி வருவதற்குள் பூமியில் யுகங்கள் ஓடிவிட்ட கதை பாகவதத்தில் இருக்கிறது. அடுத்து இளைஞர் ஒருவர் பேசக் காத்திருக்கிறார், ஆகவே அது இன்னொரு நாளைக்கு.

கோரிக்கை மனு வாசலில் மேசைமேல் இருக்கிறது. கையெழுத்துப் போட்டவர்களுக்குத்தான் தேநீர் என்று செயலாளர் அறிவிக்கச் சொன்னார். நன்றி, வணக்கம்.