உண்பதற்காகக் காப்பாற்றப்படும் கேரிபூ

[திரையில்: பனி மூடிய மலைச்சரிவு. தொலைவில் ஒரு ஹெலிகாப்டர்.]

மார்ச் மாதம். கனடாவில் பிரிட்டிஷ் கொலம்பியா மாகாணத்தின் வடகிழக்குப் பகுதி. ஆழப் பனியில் ஒரு பெண் கேரிபூ மான் ஓடுகிறது. தாழப் பறந்து வரும் ஹெலிகாப்டரிலிருந்து அதன்மேல் வலை விழுகிறது. இறங்கி ஓடிவருகிறவர்கள் அதன் கண்ணைக் கட்டி, மயக்க மருந்து கொடுத்து, ஹெலிகாப்டரில் ஏற்றி, மலைமேல் கட்டியிருக்கும் ஒரு பட்டிக்குக் கொண்டுபோகிறார்கள்.

அது சினையாக இருக்கும் கேரிபூ. மே கடைசியிலோ ஜூன் தொடக்கத்திலோ கன்று ஈனும். கன்றுக்கு ஓடித் தப்பிக்கும் தெம்பு வரும்வரை, அதாவது ஏறக்குறைய ஜூலை கடைசிவரை, தாயும் பிள்ளையும் அந்தப் பட்டிக்குள்தான். சுற்றிலும் உள்ளிருப்பது தெரியாதபடி உயரமான துணிவேலி. கரடியும் ஓநாயும் நெருங்காமல் இருக்க மின்வேலி. போதாததற்கு இரவும் பகலும் ஆள்காவல்.

காவல் இருப்பவர்கள் வெஸ்ட் மோபர்லி, சோட்டோ என்ற இரண்டு பூர்வகுடிச் சமூகங்களைச் சேர்ந்தவர்கள். எதற்கு இந்தப் பாடு என்று அவர்களைக் கேட்டால், காட்டுயிர் வீடியோக்களில் நாம் வழக்கமாகக் கேட்கும் பதில் வராது. கேரிபூவை மறுபடி வேட்டையாட வேண்டும், பேரப்பிள்ளைகள் அதன் இறைச்சியைச் சாப்பிட வேண்டும். அவர்கள் பதில் இதுதான்.

இந்த வீடியோ அந்தப் பதிலைப் பற்றியது.

[திரையில்: வட அரைக்கோள வரைபடம். ஊசியிலைக் காட்டுப் பட்டை பச்சையில்.]

அலாஸ்காவில் தொடங்கி, கனடா முழுக்க ஓடி, ஸ்காண்டிநேவியா, சைபீரியா என்று பூமியின் வடபகுதியைச் சுற்றி வருகிறது போரியல் காடு. ஸ்ப்ரூஸ், பைன், ஃபிர் மரங்கள், இடையிடையே பிர்ச், ஆஸ்பென், நடுவே எண்ணற்ற ஏரிகளும் சதுப்புகளும். கனடாவில் இருக்கும் பங்கு மட்டுமே ஏறத்தாழ 27 கோடி ஹெக்டேர். இந்தியாவின் மொத்தப் பரப்பே 33 கோடி ஹெக்டேருக்குள்தான். அந்தக் காடு ராக்கி மலைகளில் போய் முட்டும் மேற்கு விளிம்பில் இருக்கிறது நம் கதை நடக்கும் இடம். அங்கே இரட்டைச் சிகரம் ஒன்று உண்டு. இந்தப் பகுதியின் பூர்வகுடிகளான டனே-ஸா மக்கள் அதைக் க்ளின்ஸீ-ஸா என்கிறார்கள். அது அவர்களுக்குப் புனித மலை. சோட்டோ மக்களின் முன்னோர் கிழக்கே மானிடோபா பக்கத்திலிருந்து, தரிசனத்தில் கண்ட இரட்டை மலையைத் தேடி இங்கே வந்து சேர்ந்தார்கள் என்பது அவர்கள் வாய்வழி வரலாறு. இங்கே திரிகிற கேரிபூ மந்தைக்கும் மலையின் பெயர்தான்.

[திரையில்: கேரிபூ, கிளைவிட்ட கொம்புகளோடு.]

கேரிபூ மான் இனம். ஐரோப்பாவில் ரெயின்டீர் என்கிறார்களே, அதே விலங்குதான். மான் இனங்களில் இதில் மட்டும்தான் பெண்ணுக்கும் கொம்பு முளைக்கும். ஆண்டுக்கு ஒரே ஒரு கன்று. குளிர்காலத்தில் இதன் முக்கிய உணவு லைக்கன். நம் வீட்டில் பிரியாணிக்கும் செட்டிநாட்டுக் குழம்புக்கும் போடுகிற கல்பாசி இருக்கிறதே, அதுவும் ஒரு லைக்கன்தான். பாறையிலும் மரப்பட்டையிலும் தரையிலும் மிக மிக மெதுவாக வளரும். கேரிபூ வயிறு நிறையும் அளவுக்கு அது படர வேண்டுமென்றால், காட்டுக்குக் குறைந்தது எண்பது வயதாவது ஆகியிருக்க வேண்டும்.

இந்தப் பகுதியின் முதியவர்கள், ஒரு காலத்தில் கேரிபூக்கள் பூச்சிகளைப் போல எங்கும் மொய்த்துக் கிடந்ததாகச் சொல்வார்கள். 1968-ல் பீஸ் ஆற்றின் குறுக்கே டபிள்யூ. ஏ. சி. பென்னெட் அணை எழுந்தது. அதன் பின்னால் தேங்கிய வில்லிஸ்டன் ஏரி, மூன்று ஆற்றுப் பள்ளத்தாக்குகளை மூழ்கடித்தது. சதுர கிலோமீட்டர் கணக்கில் சுமார் 1,770. கேரிபூக்கள் ஆண்டாண்டாக நடந்துபோன வழி தண்ணீருக்கடியில் போனது. கூடவே மரவெட்டு, நிலக்கரி, எரிவாயு. எண்ணிக்கை குறைவதைப் பார்த்த வெஸ்ட் மோபர்லி மக்கள், 1970-களில் தாங்களாகவே கேரிபூ வேட்டையை நிறுத்திக்கொண்டார்கள். யாரும் சட்டம் போட்டுத் தடுக்கவில்லை. வேட்டை நின்றது, சரிவு நிற்கவில்லை. 1990-களில் சுமார் 250 இருந்த க்ளின்ஸீ-ஸா மந்தை, 2013-ல் 38 ஆகிவிட்டது.

[திரையில்: மேலிருந்து காடு. வெட்டப்பட்ட சதுரங்கள், நேர்கோடுகள்.]

ஏன் நிற்கவில்லை? இதைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம்.

காட்டை வெட்டினால் லைக்கன் போகும், கேரிபூ பட்டினியால் சாகும் என்றுதான் முதலில் தோன்றும். பாதிதான் சரி. கேரிபூக்கள் பெரும்பாலும் பட்டினியால் சாகவில்லை, ஓநாய்க்கு இரையாகிச் சாகின்றன. ஓநாய் புதிதாக வந்ததா என்றால், அதுவும் இல்லை. ஆயிரக்கணக்கான ஆண்டுகளாக இரண்டும் ஒரே காட்டில்தான் இருக்கின்றன.

கேரிபூவின் பழைய தந்திரம், யாருக்கும் பிடிக்காத இடத்தில் குடியிருப்பது. முதிர்ந்த காட்டிலும் உயரமான மலைமுகட்டிலும் மூஸ் மானுக்குத் தீனி இல்லை, அதனால் மூஸ் அங்கே அதிகம் வராது. மூஸ் இல்லாத இடத்தில் ஓநாய்க்கும் வேலை இல்லை. லைக்கனைத் தின்று பிழைக்கத் தெரிந்த கேரிபூ மட்டும் அங்கே நிம்மதியாக இருக்கும்.

மரம் வெட்டிய இடத்தில் வெயில் விழுகிறது. இரண்டு மூன்று ஆண்டுகளில் வில்லோவும் புதர்களும் தழைக்கின்றன. மூஸுக்கும் எல்க்குக்கும் மற்ற மான்களுக்கும் அது விருந்து. அவை பெருகினால் ஓநாய் பெருகும். பெருகிய ஓநாய் மூஸைத் தேடி அலையும்போது வழியில் கேரிபூவையும் அடிக்கிறது. கேரிபூ அருகிப்போனால் அதைத் தின்னும் ஓநாயும் குறையும் என்று எதிர்பார்ப்போம். குறையாது. ஓநாயின் வயிற்றை நிரப்புவது மூஸ். கேரிபூ அதற்கு வழியில் கிடைக்கும் கூடுதல் இரை மட்டுமே. ஆகவே கடைசிக் கேரிபூ சாகும்வரை ஓநாய்க்கு ஒரு நெருக்கடியும் வராது.

இதோடு பாதைகள். லாரிப் பாதை, குழாய்ப் பாதை, எண்ணெயும் எரிவாயுவும் தேடிக் காட்டை நேர்கோடாக அறுத்துப்போன தடங்கள். அடர்ந்த காட்டில் நடப்பதைவிட இந்தத் தடங்களில் ஓநாய் இரண்டு மூன்று மடங்கு வேகமாகப் போகும். மனிதன் எரிவாயுவுக்காகப் போட்ட வழி, ஓநாயைக் கேரிபூவின் வீட்டுவாசலில் கொண்டுபோய் விடுகிறது. நிறுவனம் எப்போதோ போய்விட்டாலும் தடம் பல பத்தாண்டுகள் அப்படியே கிடக்கும்.

சமவெளிக் காடுகளில் வாழும் கேரிபூக்களுக்காகக் கனடிய மத்திய அரசு 2012-ல் ஒரு மீட்புத் திட்டம் வெளியிட்டது. ஒரு மந்தையின் வாழிடத்தில் குறைந்தது 65 சதவீதம் சிதையாமல் இருக்க வேண்டும் என்றது. இருந்தால் மந்தை தானாகத் தழைத்து நிற்க எவ்வளவு வாய்ப்பு? 60 சதவீதம். நாணயத்தைச் சுண்டிப் பார்ப்பதைவிடக் கொஞ்சம் தேவலை. குறைந்தபட்சம் என்று அரசு வைத்திருக்கும் அளவுகோலே இதுதான் என்பதைக் கவனியுங்கள்.

[திரையில்: ஒப்பந்தம் எண் 8-இன் எல்லை வரைபடம்.]

இப்போது சட்டத்துக்கு வருவோம். 1899-ல் கனடிய அரசு இந்தப் பகுதிப் பூர்வகுடிகளோடு ஒரு ஒப்பந்தம் போட்டது, ஒப்பந்தம் எண் 8. கையெழுத்து வாங்க வந்த ஆணையர்களின் அறிக்கையிலேயே இருக்கிறது: ஒப்பந்தம் போடாமல் இருந்திருந்தால் எவ்வளவு சுதந்திரமாக வேட்டையாடி மீன் பிடித்திருப்பீர்களோ, அதே சுதந்திரம் பின்னாலும் இருக்கும் என்று அவர்களுக்கு உறுதி கொடுத்திருக்கிறார்கள். ஆனால் ஒப்பந்த வாசகத்தில், குடியேற்றம், சுரங்கம், மரவெட்டு போன்றவற்றுக்கு அவ்வப்போது எடுத்துக்கொள்ளும் நிலங்கள் நீங்கலாக என்று ஒரு விதிவிலக்கும் இருக்கிறது. அந்த அவ்வப்போது என்பதற்குள் ஒரு நூற்றாண்டே அடங்கிவிட்டது.

பக்கத்தில் பர்ன்ட் பைன் என்று இன்னொரு கேரிபூ மந்தை இருந்தது. பதினொன்றே மிச்சம். அது வாழும் இடத்தில் ஒரு நிலக்கரி நிறுவனத்துக்கு அரசு ஆய்வு அனுமதி கொடுத்தது. வெஸ்ட் மோபர்லி வழக்குப் போட்டது. ஒப்பந்தம் தருவது பொதுவான வேட்டை உரிமை, குறிப்பிட்ட ஒரு மந்தைக்கான உரிமை அல்ல என்பது அரசின் வாதம். 2011-ல் மாகாண மேல்முறையீட்டு நீதிமன்றம் அந்தச் சமூகத்தின் பக்கம் நின்றது. அரசு முறையாகக் கலந்து பேசவில்லை, இதுவரை நேர்ந்த இழப்புகளையும் கணக்கில் வைத்துத்தான் பேசியிருக்க வேண்டும் என்றது. வழக்கு வென்றது. மந்தை பிழைக்கவில்லை.

[திரையில்: கைநிறைய லைக்கன். அதை உண்ணும் கேரிபூ.]

ஆகவேதான் க்ளின்ஸீ-ஸா மந்தைக்கு யாரையும் எதிர்பார்க்காமல் இரண்டு சமூகங்களும் இறங்கின. 2014-ல் முதல் பட்டி. பிடித்துவந்த கேரிபூக்களுக்குப் போட ஊர்மக்கள் காட்டுக்குப் போய்க் கையால் லைக்கன் பறித்தார்கள், மூட்டை மூட்டையாக. பிறகு கொஞ்சம் கொஞ்சமாகத் தீவனத்துக்குப் பழக்கினார்கள். கன்றுகள் அதிகம் சாவது பிறந்த முதல் சில வாரங்களில். அந்தக் கண்டத்தைத் தாண்டவைப்பதுதான் பட்டியின் ஒரே வேலை.

இன்னொரு வேலையும் நடந்தது. வீடியோவைப் பார்க்க இதமாக இருக்கட்டும் என்று அதை மறைக்க நான் தயாரில்லை. ஓநாய்களைக் கொன்றார்கள். 2013-ல் பூர்வகுடிப் பொறிவேட்டைக்காரர்கள் தொடங்கினார்கள், 2015-லிருந்து மாகாண அரசு ஹெலிகாப்டரிலிருந்து சுட்டது. விலங்கு நல அமைப்புகள் கடுமையாக எதிர்த்தன. எதிர்ப்பில் நியாயம் இல்லாமல் இல்லை. காட்டை நாசம் பண்ணியது மனிதன், தண்டனை ஓநாய்க்கு. ஆனால் 2022-ல் வெளியான ஆய்வு, இந்த மந்தை மீண்டதில் ஓநாய்க் குறைப்புக்குப் பெரிய பங்கு உண்டென்றும், பட்டியும் சேர்ந்ததால்தான் ஏற்றம் வேகமெடுத்ததென்றும் காட்டியது. அந்த ஆண்டு மந்தையின் எண்ணிக்கை 114. முப்பத்தெட்டிலிருந்து, ஒன்பதே ஆண்டுகளில்.

என் கருத்தைக் கேட்டால், ஓநாயைக் கொல்வதை மட்டும் செய்துவிட்டு மரவெட்டைத் தொடர்ந்திருந்தால் அது வெறும் படுகொலை. இங்கே நடந்தது அதுவல்ல. இரண்டு சமூகங்களும் நிலத்தையும் சேர்த்துக் கேட்டன.

[திரையில்: 2020 ஒப்பந்தம் காக்கும் பரப்பு.]

2018-ல் மத்திய அரசு, க்ளின்ஸீ-ஸா மந்தையும் அடங்கிய தெற்கு மலைக் கேரிபூக்கள் உடனடி ஆபத்தில் இருப்பதாக அறிவித்தது. 2020 பிப்ரவரியில் மத்திய அரசு, மாகாண அரசு, வெஸ்ட் மோபர்லி, சோட்டோ என நான்கு தரப்பும் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. சுமார் 8,000 சதுர கிலோமீட்டரில் வெவ்வேறு அளவு பாதுகாப்பு. 2024-ல் க்ளின்ஸீ-ஸா பூங்கா ஏறத்தாழ 2 லட்சம் ஹெக்டேர் அளவுக்கு விரிவாக்கப்பட்டது.

சுமுகமாக நடந்ததா? எங்கே. செட்விண்ட் போன்ற ஊர்கள் மர ஆலையை நம்பி இருப்பவை. வேலை போய்விடும், காட்டுக்குள் பனிவண்டி ஓட்ட முடியாது என்று 2019-ல் பெரிய கொந்தளிப்பு. அதில் பூர்வகுடிகள்மீது அப்பட்டமான இனவெறுப்பும் கலந்திருந்தது. வேலையைப் பற்றிய பயம் உண்மையானது. ஆனால் அணை வந்து ஐம்பது ஆண்டுகளாக இழந்துகொண்டே இருந்தவர்கள் யார் என்பதையும் அந்தக் கூட்டங்களில் பேசியிருக்கலாம்.

இதே பாதையில் போகிறவர்கள் வேறு இடங்களிலும் உண்டு. மானிடோபா, ஒன்டாரியோ எல்லையில் அனிஷினாபே மக்களின் பிமாச்சியோவின் ஆக்கி, சுமார் 29,000 சதுர கிலோமீட்டர், 2018-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் ஏறியது. முதல் முயற்சி 2013-ல் ஒத்திவைக்கப்பட்டது. இயற்கையைத் தனியாகவும் பண்பாட்டைத் தனியாகவும் மதிப்பிடும் விதிகளுக்குள், இரண்டையும் பிரித்துப் பார்க்காத ஒரு மனு சரியாகப் பொருந்தவில்லை. 2019-ல் வடமேற்கு ஆட்சிப்பகுதியில் டெனே மக்களின் முயற்சியால் தாய்டெனே நெனே பாதுகாக்கப்பட்ட பகுதியானது. அங்கேயும் மக்கள் வேட்டையாடலாம், மீன் பிடிக்கலாம், அவர்களே காவலர்களாகவும் இருக்கிறார்கள். காட்டைக் காப்பதென்றால் மக்களை வெளியேற்றி வேலி போடுவது என்று நினைத்துப் பழகியவர்கள் இதைக் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

[திரையில்: பழைய தடத்தில் மரக்கன்றுகள், குறுக்கே சாய்த்த மரங்கள்.]

வேட்டை என்ற அந்தப் பதிலுக்கு இங்கேதான் அர்த்தம் வருகிறது. அழியும் உயிரினச் சட்டம் பார்ப்பது, இனம் அற்றுப்போகாமல் இருக்கிறதா என்பதை. நூறோ இருநூறோ இருந்தால் அதற்குப் போதும். வருடா வருடம் ஒரு சமூகம் வேட்டையாடிச் சாப்பிட்டும் குறையாமல் நிற்க, அதைவிடப் பல மடங்கு வேண்டும். அதாவது சாப்பிட நினைக்கிறவர்கள் வைத்திருக்கும் இலக்கு, வெறுமனே காப்பாற்ற நினைக்கிறவர்களின் இலக்கைவிடப் பெரியது. 114 என்பதைச் சட்டம் வெற்றி என்று எழுதிக்கொள்ளலாம். அவர்களுக்கு அது ஆரம்பம்.

அதனால் வேலை இப்போது தடங்களில் நடக்கிறது. இரண்டு சமூகங்களும் சேர்ந்து நடத்தும் அமைப்பு, பழைய லாரிப் பாதைகளில் மண்ணைக் கிளறி மேடுபள்ளமாக்குகிறது, மரங்களைக் குறுக்கே சாய்க்கிறது, கன்று நடுகிறது. ஓநாய் ஓட முடியாத அளவுக்கு வழியைக் கெடுப்பதுதான் நோக்கம். கன்றுகள் அவர்களுடைய சொந்த நாற்றங்காலிலிருந்து வருகின்றன. ஓநாயைக் கொல்வதை எப்போது நிறுத்தலாம் என்பதும் இந்த வேலையைப் பொறுத்ததுதான். தடம் மூடச் சில ஆண்டுகள் போதும், புதர் மரமாகச் சில பத்தாண்டுகள் வேண்டும். 2013-ல் வெட்டிய ஒரு துண்டுக் காட்டில் கேரிபூ தின்னும் அளவுக்கு லைக்கன் படரும்போது, ஆண்டு 2093 ஆகியிருக்கும்.