விடிய விடிய ஆட்டம் பார்த்தவர்களுக்கு

வானொலி நேயர்களுக்கு வணக்கம். பள்ளிக்கூடத்தில் விளையாட்டு வாத்தியாராக இருந்தவன் நான். ஆடிக் களைத்தவனைக் கவனிக்க ஆள் உண்டு. ராத்திரி முழுக்கக் கண் விழித்துப் பார்த்தவனைத்தான் யாரும் கேட்பதில்லை.

2014 உலகக் கோப்பை கால்பந்து இறுதி ஆட்டம் ஞாபகம் இருக்கிறதா? நமக்கு இரவு பன்னிரண்டரைக்குத் தொடக்கம். 113-ஆவது நிமிடத்தில்தான் அர்ஜென்டினாவுக்கு எதிராக ஜெர்மனியின் கோட்சே கோல் அடித்தார். டிவியை அணைக்கும்போது மணி மூன்றைத் தொட்டுவிட்டது. விடிந்தால் திங்கள், ராமேசுவரம் விசைப்படகுகள் தொழிலுக்குப் போகிற நாள். எங்கள் தெரு சம்மாட்டி, அதாவது படகு முதலாளி ஒருவர், அவரே அர்ஜென்டினா கட்சி, முதல் நாளே சொல்லிவிட்டார்: "பிரேசில் பயல்கள் மட்டும் படகுக்கு வாங்கடா." ஏன் தெரியுமா? அரையிறுதியில் பிரேசில் 7-1 என்று தோற்றிருந்தது. அந்தப் பையன்கள் மனசு வெறுத்து, இறுதி ஆட்டமே பார்க்காமல் நன்றாகத் தூங்கப்போகிறவர்கள்! அர்ஜென்டினா பயல்களுக்கு அன்று லீவு. சிரிக்கிறோம், ஆனால் அரைத் தூக்கத்தில் வலை இழுக்கும் வின்ச் பக்கம் நிற்கிறவன் கை என்னாவது?

எஞ்சினை அணைத்த படகு கொஞ்ச தூரம் ஓடித்தான் நிற்கும். உடம்பும் அப்படித்தான். ஆட்டம் முடிந்தாலும் பரபரப்பில் உடம்பில் சுரக்கும் அட்ரினலின் உடனே இறங்காது, நெஞ்சு படபடக்கும். அந்த நேரத்தில் படுத்துக்கொண்டு செல்போனில் அதே கோலைத் திரும்பத் திரும்பப் பார்த்தால் தூக்கம் எங்கே வரும்? முகம் கழுவி, வாசலில் கொஞ்சம் காற்று வாங்கிவிட்டுப் படுங்கள். டீயையும் இடைவேளைக்குப் பிறகு தொடாதீர்கள். அதிலுள்ள கஃபீன் பாதியாகக் குறையவே ஐந்து மணி நேரம் போல ஆகும்.

மறுநாள் மதியம் இருபது நிமிடம் கண் அயரலாம். மூன்று மணி நேரம் அடித்துப்போட்டாற்போலத் தூங்கினால் அன்றைய ராத்திரித் தூக்கமும் போச்சு. திரும்பவும் சொல்கிறேன், தூங்காதவன் வின்ச் பக்கம் போக வேண்டாம். பைக்கும் வேண்டாம்.

தோற்ற கோபத்தை வீட்டில் காட்டுகிறவர்களைப் பற்றியும் பேச வைத்திருந்தேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் கடிகாரத்தைக் காட்டுகிறார்கள். சரி, ஒன்று மட்டும். 2006 உலகக் கோப்பையில் ஜெர்மனி ஆடிய நாட்களில், மியூனிக் வட்டாரத்தில் இதயக் கோளாறால் அவசர சிகிச்சை தேவைப்பட்டவர்கள் வழக்கத்தைவிட இரண்டரை மடங்குக்கும் மேல். இதய நோயாளிகள் ஆட்டம் சூடாக இருக்கிறதே என்று இரவு மாத்திரையை விட்டுவிடாதீர்கள். நெஞ்சை அழுத்தினால், பெனால்டி முடியட்டும் என்று உட்கார்ந்திருக்காமல் 108-ஐக் கூப்பிடுங்கள். வணக்கம்.