இராஜேந்திரன் குடியிருந்த இடம்

நேயர்களுக்கு வணக்கம். திருவொற்றியூர் தியாகராஜர் கோயிலுக்குப் போகாதவர்கள் வடசென்னையில் குறைவு. அங்கே ஆதிபுரீசுவரர் சன்னிதியின் பின்புறம் வளைந்திருக்கும். அந்தக் கருங்கல் விமானம் முதலாம் இராஜேந்திர சோழன் காலத்தில் எழுந்தது. எழுப்பச் செய்தவர் சதுரானன பண்டிதர்; கட்டியவர் இரவி என்கிற வீரசோழத் தச்சன். தச்சரின் பெயர்கூடக் கல்வெட்டில் நிலைத்துவிட்டது. நாட்டை ஆண்டவன் குடியிருந்த வீடு என்ன ஆயிற்று?

அரியலூர் மாவட்டத்தில், அவன் தலைநகரான கங்கைகொண்ட சோழபுரத்தின் கோயிலிலிருந்து ஏறக்குறைய 2 கிலோமீட்டர் தள்ளி, உட்கோட்டையில் மாளிகைமேடு இருக்கிறது. அவன் அரண்மனை நின்ற இடம் அதுதான். பெயரை நம்பிப் போகிறவர்களுக்குத் தரையோடு தரையாகச் செங்கல் அடித்தளங்கள்தான் கிடைக்கும். "இவ்வளவுதானா?" என்று முகம் சுளித்துத் திரும்புகிறவர்களும் உண்டு. கொஞ்சம் பொறுமை வேண்டும்.

தமிழ்நாடு தொல்லியல் துறை 1980களில் இங்கே தோண்டியது. 2021 முதல் மறுபடியும் தோண்டியது. சீனப் பீங்கான் ஓடுகள், கண்ணாடி வளையல் துண்டுகள், தந்தப் பொருள்கள் எல்லாம் வெளிவந்தன. செய்தித்தாள்கள் கொண்டாடியது அவற்றைத்தான். எனக்கோ இரும்பு ஆணியும் கூரை ஓடும்தான் பெரிது. கருங்கல் அடிக்கல்மேல் மரத்தூண் நின்றிருக்கிறது. மேலே சிறு தட்டை ஓடுகளைச் சுண்ணச் சாந்தில் வரிசை வரிசையாகப் பதித்திருக்கிறார்கள். மர உத்திரத்தின்மேல் செங்கல்லைச் சுண்ணச் சாந்தில் பதித்த ராயபுரத்துப் பழைய மெட்ராஸ் டெரஸ் வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இந்த வேலைப்பாடு அந்நியமாக இராது. மரம் இற்றுப்போனது; ஆணி மிஞ்சியது.

இராஜேந்திரனின் மகன் வீரராஜேந்திரன் காலத்துக் கல்வெட்டு இந்த அரண்மனையைச் சோழகேரளன் திருமாளிகை என்கிறது. அரசன் அமரும் இருக்கைக்கே மாவலி வாணாதிராஜன் என்று பெயர்! கீழ்த்தளத்தை ஆதிபூமி என்று தனியே சொல்வதால், மேலே மாடிகளும் இருந்திருக்க வேண்டும்.

இறைவனுக்குக் கல், சக்கரவர்த்தியே ஆனாலும் மனிதனுக்குச் செங்கல்லும் மரமும். அன்றைய வழக்கம் அது. சோழர் ஆட்சி ஓய்ந்தபின் கேட்பாரற்றுக் கிடந்த செங்கல்லை யார்தான் விட்டுவைப்பார்கள்? கல்லுக்கே கதி அதுதான்: 1836இல் கொள்ளிடத்தில் கீழணை கட்டியபோது, கங்கைகொண்ட சோழபுரம் கோயிலின் சுற்றுமதிலைப் பெயர்த்துக் கொண்டுபோனார்கள். ஆனால் செங்கல்லைத் திருடலாம், பள்ளத்தைத் திருட முடியாது. பெயர்த்த இடத்தில் பின்னால் நிரம்பிய மண் நிறம் மாறித் தெரியும். அந்த நிறக் கோட்டின் வழியே போய், சுவர் ஓடிய திசையை ஆய்வாளர்கள் சொல்லிவிடுவார்கள்.

போகிறவர்கள் சோழகங்கம் ஏரியையும் பார்த்துவிட்டு வாருங்கள். இராஜேந்திரன் வெட்டியது. நீரால் ஆன வெற்றித்தூண் என்று திருவாலங்காட்டுச் செப்பேடு அதைப் புகழ்கிறது. உள்ளூரில் பொன்னேரி என்று கேட்டால்தான் வழி சொல்வார்கள். கும்மிடிப்பூண்டி ரயில் நிற்கும் நம் பொன்னேரி வேறு. வணக்கம்.