தென்னை விளையின் புல்லில் நாலு வளையம்

[காட்சி: தென்னை விளை (தோப்பு), காலை ஒன்பது மணி. கேமரா புல்லின் உயரத்தில்.]

புல்லில் கால் வைத்ததும் முழங்காலுக்குக் கீழே பழுப்பாக ஒன்று தத்தித் தத்திப் பறந்து, நாலடி தள்ளி மறுபடியும் புல்லிலேயே உட்காருகிறது. அந்துப்பூச்சி என்று நினைத்துக் கடந்துவிடுவோம். ஆனால் இது பட்டாம்பூச்சி. பெயர் காமன் ஃபோர்ரிங், அறிவியல் பெயர் இப்திமா ஹியூப்னெரி. இறக்கையை விரித்தால் 3 முதல் 4 சென்டிமீட்டர்தான்.

[காட்சி: மூடிய இறக்கை, மிக நெருக்கத்தில்.]

இறக்கையை மூடி உட்காரும்போது பின்னிறக்கையின் அடிப்பக்கத்தைப் பாருங்கள். மஞ்சள் விளிம்பு கட்டிய கரும் வளையங்கள் தெரியும். மேலே தனியாக ஒன்று, கீழ் மூலையை ஒட்டி மூன்று. முன்னிறக்கையில் இன்னும் பெரிதாக ஒரு வளையம், அதற்குள் இரண்டு வெள்ளிப் புள்ளிகள். அதையும் சேர்த்து எண்ணி ‘ஐந்து’ என்று முடிவு செய்வதில்தான் பலரும் தவறுகிறார்கள். ஃபைவ்ரிங் வேறு இனம். அதன் பின்னிறக்கையில் வளையங்கள் இரண்டிரண்டாகச் சேர்ந்து நிற்கும். பின்னிறக்கையின் மேற்பக்கம் வெள்ளையாகத் தெரிந்தால் அது ஒயிட் ஃபோர்ரிங்.

நிற்பதையும் கவனியுங்கள். நாலு கால்தான் ஊன்றியிருக்கும். முன்னங்கால் இரண்டும் சிறுத்து மார்போடு ஒட்டியிருக்கும்.

[காட்சி: அறுப்பு முடிந்த வயல், காய்ந்த வரப்பு.]

கும்பப்பூ என்ற இரண்டாம் போக நெல் அறுப்பு முடிந்து வரப்புப் புல் காய்ந்த பிறகு இதே பூச்சியைத் தேடினால் குழம்பிப்போவோம். அப்போது வரும் தலைமுறையில் பின்னிறக்கை வளையங்கள் ஊசிமுனைப் புள்ளியாகச் சுருங்கியிருக்கும். மழைக்காலத்தில் பூச்சி ஓயாமல் பறக்கும், பச்சைப் புல்லில் பழுப்பு உடலை ஒளிக்கவும் முடியாது. ஓணானோ குருவியோ கொத்த வந்தால் வளையத்தைத்தான் கொத்தும். இறக்கை ஓரம் கிழியும், உடல் தப்பிவிடும். கோடையில் காய்ந்த புல்லோடு அசையாமல் இருப்பதே காப்பு. அங்கே வளையம் இருந்தால் காட்டிக்கொடுத்துவிடும். குமரி மாவட்டத்துக்கு ஜூன் முதல் செப்டம்பர் வரை ஒரு மழை, அக்டோபர் முதல் டிசம்பர் வரை இன்னொன்று. அதனால் வளையம் பெரிதாக உள்ள உருவத்தைப் பார்க்க நமக்கு நிறைய மாதங்கள் கிடைக்கின்றன.

[காட்சி: புல் தாளில் ஒற்றை முட்டை, பிறகு புழு.]

முட்டை வெளிர்பச்சை உருண்டை, ஒவ்வொன்றாக இடும். புழுவுக்கு உணவு புல் மட்டுமே. இரு முனையும் கூம்பிய உடல், வால் நுனியில் இரண்டு சிறு முட்கள். கூட்டுப்புழு தலைகீழாகத் தொங்கும். நெல்லுக்கு ஆபத்தோ என்று விவசாயிகள் கேட்பது நியாயம்தான். நெல்லில் வரும் பச்சைக் கொம்புப் புழு இதுவல்ல, ஈவ்னிங் பிரவுன் என்ற பெரிய பட்டாம்பூச்சியின் புழு. தலையில் சிவந்த இரண்டு கொம்பு இருக்கும்.

[காட்சி: புல்வெட்டும் மெஷின்.]

முட்டை, புழு, கூட்டுப்புழு மூன்றும் இருப்பது புல்லில். விளை முழுவதையும் ஒரே நாளில் தரையோடு வெட்டினால் மூன்றும் சேர்ந்து போகும். களைக்கொல்லி அடித்தால் பறக்கிற பூச்சி தப்பிக்கும், ஆனால் முட்டையிட இடமிருக்காது, இருக்கும் புழு பட்டினியில் சாகும். கோடையில் புல்லுக்குத் தீ வைப்பது இதைவிட மோசம்.

தென்னைக்கு உரம் வைக்க மரத்தின் அடியைச் சுற்றி 1.8 மீட்டர் ஆரத்துக்குச் சுத்தமாக இருந்தால் போதும். மரத்துக்கு மரம் 7.5 மீட்டர் இடைவெளி என்றால், நடுவில் 3.9 மீட்டர் மிஞ்சுகிறது. அந்தப் புல்லைத் தரையிலிருந்து நாலு விரல் உயரம் விட்டு வெட்டுங்கள். ஒரு வரிசை இப்போது, பக்கத்து வரிசை ஒரு மாதம் கழித்து. வேலியோரமும் வாய்க்கால் கரையிலும் ஒரு மீட்டர் அகலத்துக்குத் தொடாமல் விடுங்கள். வெட்டுக்காயப் பூண்டு பூத்திருந்தால் அதையும் விட்டுவிடுங்கள், இந்தப் பூச்சிக்குத் தேன் அந்த மாதிரிச் சின்னப் பூக்களில்தான்.

[காட்சி: இரவு, டார்ச் வெளிச்சம்.]

புழுவைப் பார்க்க வேண்டுமென்றால், வெட்டாமல் விட்ட பக்கத்தில் இரவு எட்டு மணிக்கு மேல் குனிந்து தேடுங்கள். முதலில் புல் தாளின் ஓரத்தில் கடித்த பள்ளம் தெரியும். டார்ச்சைச் சாய்த்துப் பிடித்து அதே தாளில் மெல்லக் கீழே இறங்கி வாருங்கள்.