பேசாத பூனையின் வால்

வணக்கம் நேயர்களே. பேசாத கார்ட்டூன் படங்களின் நகைச்சுவையைப் பற்றி வானொலியில் பேசச் சொல்லியிருக்கிறார்கள். அங்கே சத்தம் கிடையாது, இங்கே படம் கிடையாது, எப்படியோ சமாளிப்போம்.

ஃபெலிக்ஸ் என்ற கறுப்புப் பூனை உங்களில் சிலருக்குத் தெரிந்திருக்கும். 1919-ல் நியூயார்க்கில் பாட் சல்லிவன் நடத்திய ஸ்டூடியோவில் பிறந்தது. வரைந்தவர் ஓட்டோ மெஸ்மர். ஏன் கறுப்பு? கோடு கோடாக இழுத்துக்கொண்டிருக்க வேண்டாம், மையை அப்பினால் வேலை முடிந்தது, அசையும்போதும் பளிச்சென்று தெரியும், அவ்வளவுதான்.

இந்தப் பூனைக்குச் சந்தேகம் வந்தால் தலைக்கு மேல் ஒரு கேள்விக்குறி தோன்றும். பேச முடியாதே, வேறு வழி? சரி, யோசிக்கிறது போல என்று நாம் நினைத்து முடிப்பதற்குள், ஃபெலிக்ஸ் அதை எட்டிப் பிடித்துக் கொக்கியாக மாட்டி வேலையை முடித்துவிடும். ஆச்சரியக்குறி வந்தால் அது மட்டை. பார்க்கிற நமக்காகப் போட்ட அடையாளத்தைப் படத்துக்குள் இருக்கிற பூனை சுட்டுவிடுகிறது. எனக்கு இன்றைக்கும் சிரிப்பு வருவது இந்தத் திருட்டுத்தனத்துக்குத்தான்.

அப்புறம் வால். 1923-ல் வந்த 'ஃபெலிக்ஸ் இன் ஹாலிவுட்' படத்தில் ஃபெலிக்ஸின் முதலாளிக்கு ஹாலிவுட் போகக் காசு வேண்டும். ஒரு செருப்புக் கடையில் ஈ ஓட்டுகிறார்கள். ஃபெலிக்ஸ் நடைபாதை முழுக்கச் சூயிங்கம்மைப் பரப்பி வைக்க, மிதித்தவர்களெல்லாம் ஒட்டிய செருப்பை அப்படியே விட்டுவிட்டுப் புதுச் செருப்பு வாங்கக் கடைக்கு ஓடுகிறார்கள். கடைக்காரர் கொடுத்த காசு வந்ததும் முதலாளி பூனையை விட்டுவிட்டுக் கிளம்பப் பார்க்கிறார். அது என்ன சாதாரணப் பூனையா, தானே கைப்பையாக மாறி அவர் கையிலேயே தொங்கிக்கொண்டு போகிறது! அங்கே போய் வாலைக் கழற்றிக் கைத்தடியாகச் சுழற்றி, சாப்ளின் நடையை நடந்து காட்டினால், எதிரே கார்ட்டூன் சாப்ளினே வந்து 'என் சரக்கைத் திருடுகிறாயா' என்று சண்டைக்கு நிற்கிறார். கேட்கலாம்தான். ஃபெலிக்ஸுக்கு முன்பு அதே ஸ்டூடியோவில் சாப்ளின் கார்ட்டூன்களை வரைந்தவர் இந்த மெஸ்மர். அவர் பெயரோ திரையில் வரவே இல்லை, எல்லாம் சல்லிவன் பெயரில்தான்.

1928-ல் மிக்கி எலி சத்தம் உள்ள படத்தில் விசிலடித்துக்கொண்டு வந்தது. வாயைத் திறந்தே 'என்ன?' என்று கேட்க முடிகிறபோது தலைக்கு மேல் கேள்விக்குறி எதற்கு? ஃபெலிக்ஸ் படங்களுக்குப் பிற்பாடு சத்தம் சேர்த்தும் பார்த்தார்கள், எடுபடவில்லை.

அதே 1928-ல் ஆர்சிஏ என்ற அமெரிக்க வானொலி நிறுவனம் டெலிவிஷன் சோதனைக்கு ஒரு ஃபெலிக்ஸ் பொம்மையை நிறுத்தியது. அந்த விளக்குச் சூட்டில் மனிதர்கள் நெடுநேரம் நிற்க முடியாதாம். காகிதக்கூழ் பூனை, சுழலும் தட்டின் மேல், வாயைத் திறக்காமல் சுற்றிக்கொண்டே இருந்தது.