இரு வம்சங்களின் அமைச்சர்: இலியா கராஷானின்

[திரையில்: பெல்கிரேட் கோட்டை. கீழே சாவா ஆறு தன்யூபில் கலக்கும் இடம்]

1817ஆம் ஆண்டு. வெட்டப்பட்ட ஒரு தலை செர்பியாவிலிருந்து இஸ்தான்புல்லுக்கு, சுல்தானின் பார்வைக்குப் போகிறது. அது காராஜோர்ஜேயின் தலை. துருக்கியரை எதிர்த்த முதல் செர்பிய எழுச்சிக்குத் தலைமை தாங்கியவர் அவர். கொல்ல ஆள் அனுப்பியவரும் ஒரு செர்பியர்தான்: இரண்டாம் எழுச்சியின் தலைவர் மிலோஷ் ஒப்ரெனோவிச். அன்று மூண்ட குடும்பப் பகை அந்த நூற்றாண்டு முழுவதும் அணையவில்லை.

இந்த இரண்டு குடும்பங்களிடமும் அமைச்சராக இருந்தவர் இலியா கராஷானின்.

[திரையில்: கராஷி கிராமம்]

பிறந்தது 1812இல். கராஷி என்ற ஊரின் பெயரே குடும்பப் பெயராயிற்று. 1837இல் மிலோஷ் அவரைக் கர்னலாக்கிப் படையையும் காவலையும் ஒப்படைத்தார். மிலோஷ் சுல்தானுக்குக் கப்பம் கட்டும் சிற்றரசர். உள்ளூரிலோ எதிர்ப்பேச்சைப் பொறுக்காதவர். அவர் அதிகாரத்துக்குக் கடிவாளம் போட எழுந்த அணிக்கு 'அரசியல் சட்டக் காவலர்கள்' என்று பெயர். கராஷானின் அந்தப் பக்கம் சாய்ந்தார். 1839இல் மிலோஷ் பதவி விலகினார்.

1842இல் அவர் மகன் மிஹைலோவும் துரத்தப்பட்டார். காராஜோர்ஜேயின் மகன் அலெக்சாந்தர் அரியணை ஏறினார். அந்தக் கலவரத்தில் கராஷானினின் தந்தையையும் சகோதரரையும் ஒப்ரெனோவிச் ஆட்கள் கொன்றார்கள். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

[திரையில்: கையெழுத்துப் பிரதி]

அடுத்த ஆண்டே அவர் உள்துறை அமைச்சர். காவல்துறை, ஒற்றர்கள், எழுத்தர்கள் என்று ஓர் அரசு இயந்திரத்தைக் கட்டினார். மக்கள் மன்றம் என்றால் அவருக்குக் கசப்பு. நாட்டை நடத்த அதிகாரிகள் போதும் என்று நினைத்தவர்.

1844இல், செர்பியாவை எப்படி விரிவுபடுத்துவது என்பது பற்றி 'நச்சேர்தானியே' என்ற ரகசியத் திட்டத்தை எழுதினார். பெயருக்கு 'வரைவு' என்று பொருள். ஃபிரான்திஷெக் ஸாஹ் என்ற செக் நாட்டவர் தென் ஸ்லாவிய மக்கள் (செர்பியர், குரோவாசியர் முதலானோர்) அனைவரையும் மனத்தில் வைத்துத் தயாரித்த வரைவு அதன் மூலம். கராஷானின் 'தென் ஸ்லாவியர்' என்று இருந்த பல இடங்களில் 'செர்பியர்' என்று மாற்றினார். வரலாற்றாசிரியர்கள் இன்றும் சண்டையிடுவது இந்தத் திருத்தத்தைப் பற்றித்தான். என் பார்வையில், அவர் சிந்தனையின் எல்லை அந்தத் திருத்தத்திலேயே தெரிகிறது.

1853இல் ரஷ்யாவின் நெருக்குதலால் பதவி போயிற்று. 1858இல், அலெக்சாந்தரை இறக்குவதற்காக, தமக்குப் பிடிக்காத மக்கள் மன்றத்தையே கூட்டத் துணைநின்றார். அலெக்சாந்தர் துருக்கியர் வசமிருந்த கோட்டைக்குள் ஓடி ஒளிந்தார். மன்றமோ கராஷானின் விரும்பாத ஆளை, கிழவர் மிலோஷை, திரும்ப அழைத்தது. தாம் கூட்டிய கூட்டமே தமக்கு எதிராகத் திரும்பியது.

[திரையில்: மிஹைலோவின் குதிரைச் சிலை, பெல்கிரேட்]

1860இல் மிலோஷ் இறந்தார். மிஹைலோ மீண்டும் ஆட்சிக்கு வந்தார். அடுத்த ஆண்டு பிரதமராக அழைத்தது யாரை? தந்தையையும் சகோதரரையும் ஒப்ரெனோவிச் தரப்பிடம் பறிகொடுத்த அதே கராஷானினை. அவரும் ஏற்றார். 1867இல் துருக்கியப் படைகள் பெல்கிரேட் கோட்டையை விட்டு வெளியேறின. போரில்லாமல் கிடைத்த வெற்றி.

அதே ஆண்டு இறுதியில் அவர் நீக்கப்பட்டார். மிஹைலோ மணக்க விரும்பிய கதரீனா, அவருடைய சித்தப்பா மகளின் மகள். திருச்சபை ஏற்காத உறவு அது. கராஷானினும் எதிர்த்தார்.

1868 ஜூன் 10. பெல்கிரேடை அடுத்த கொஷுத்னியாக் காட்டில் உலவிக்கொண்டிருந்த மிஹைலோ சுட்டுக் கொல்லப்பட்டார். கதரீனா காயமடைந்தார், அவர் தாய் இறந்தார். காயமடைந்தவர்களில் மிஹைலோவின் உதவி அதிகாரியும் ஒருவர்: கராஷானினின் மகன் ஸ்வெதோசார். செய்தி எட்டியதும் கராஷானின் நகருக்கு விரைந்து ஒழுங்கைக் காக்க முனைந்தார். பதவியில் இல்லாத மனிதர், தம்மை நீக்கிய வம்சத்துக்காக ஓடினார்!

ஆனால் அடுத்த ஆட்சியாளரை முடிவு செய்தது படை அமைச்சர் பிளாஸ்னவாத்ஸ். ஒப்ரெனோவிச் குடும்பத்தின் 13 வயது மிலானை முன்னிறுத்தினார். கராஷானினுக்கு மீண்டும் பதவி கிடைக்கவில்லை. 1874இல் இறந்தார்.

அவருடைய ரகசிய வரைவு 1906இல் அச்சேறியது. அதற்கு மூன்று ஆண்டுகள் முன்பே ஒப்ரெனோவிச் வம்சத்தின் கடைசி அரசர் அரண்மனையில் கொல்லப்பட்டிருந்தார். வரைவு அச்சேறியபோது அரியணையில் இருந்தவர், கராஷானின் இறக்கிவிட்ட அலெக்சாந்தரின் மகன் பீட்டர்.