கந்தையும் காஸ்ட்யூமும்

(கேரளாவில் பாலக்காடு மாவட்டத்துக் கொழிஞ்சாம்பாறை பக்கத்தில் ஒரு வாசகசாலை ஆண்டு விழாவில் பேசியது. கேட்காதவர்களுக்காக எழுதிப் போடுகிறேன்.)

தலைவர் அவர்களே, பாலக்காட்டிலிருந்து இரண்டு பஸ் மாறி வந்திருக்கும் பேராசிரியர் ஐயா அவர்களே, தமிழ் நன்றாகவே புரியும் என்று சொல்லி என் வயிற்றில் பாலை வார்த்த பஞ்சாயத்துத் தலைவர் சேச்சி அவர்களே, சாயங்காலத்திலிருந்து நாற்காலி சுமக்கும் தம்பிகளே, தாய்மார்களே, எல்லோருக்கும் வணக்கம். யார் பெயராவது விட்டுப்போயிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள், செயலாளர் கொடுத்த சீட்டில் பாதி எழுத்து அழிந்திருக்கிறது. பளபளப்புச் சால்வைக்குப் பதிலாகக் கைத்தறித் துண்டு போர்த்தினீர்களே, அதற்குத் தனி நன்றி.

சினிமா உடை வடிவமைப்பாளர் பற்றிப் பேசச் சொன்னார்கள். மூன்று விஷயம் வைத்திருக்கிறேன். ஒன்று பானு அத்தையா, இரண்டு அந்த வேலை நடக்கும் விதம், மூன்று அதில் கிடைக்கும் கூலி.

பானு அத்தையா 1929-ல் கோலாப்பூரில் பிறந்தவர். மும்பை ஜே.ஜே. கலைப் பள்ளியில் ஓவியம் படித்து, பத்திரிகைக்கு உடைப் படங்கள் வரைந்து, 1956-ல் ‘சி.ஐ.டி.’ படத்துக்கு உடை அமைத்தார். ‘காந்தி’ படத்துக்காக 1983-ல் இங்கிலாந்து உடை வடிவமைப்பாளர் ஜான் மோலோவோடு சேர்ந்து ஆஸ்கர் வாங்கினார், இந்தியர் ஒருவர் வாங்கிய முதல் ஆஸ்கர் அதுதான். அந்தப் படத்தில் என்ன கஷ்டம் என்று யோசியுங்கள். 1893-ல் கோட்டு சூட்டோடு ரயிலில் இருந்து இறக்கிவிடப்பட்ட அதே மனிதர், 1921 செப்டம்பரில் நம்ம மதுரையில் அரைவேட்டிக்கு மாறுகிறார். துணி குறையக் குறைய உடை அமைப்பவருக்கு வேலை கூடுகிறது. நான்கு முழத் துண்டிலும் அவர் யார் என்று தெரிய வேண்டும், அதே சமயம் அது அழுக்காகவும் இருக்கக்கூடாது. எங்கள் அம்மாச்சி சொல்வது போல, கந்தையானாலும் கசக்கிக் கட்டு.

ஆனால் இந்தப் பழமொழியால் ஒரு ஷூட்டிங்கே நின்றுபோன கதை உங்களுக்குத் தெரியுமா? பொள்ளாச்சி, கொல்லங்கோடு பக்கமெல்லாம் படம் எடுக்க வருகிறவர்கள் அதிகம் அல்லவா, அப்படி வந்த ஒரு கூட்டம் நம்ம சந்தையில் கடை வைத்திருந்த டெய்லர் அண்ணனிடம் ஒரே அளவில் ஆறு சட்டை கேட்டது. அண்ணன் ராத்திரி முழுக்க உட்கார்ந்து, காஜா எல்லாம் கையாலேயே எடுத்து, இஸ்திரி போட்டுக் கொடுத்தார். காலையில் போய்ப் பார்த்தால் அசிஸ்டன்ட் பையன்கள் அந்தச் சட்டையை உப்புத்தாள் போட்டுத் தேய்க்கிறார்கள், டீத்தண்ணியில் முக்குகிறார்கள், ஒருத்தன் பிளேடு வைத்துத் தோள்பட்டையைக் கிழிக்கிறான். சண்டைக் காட்சிக்கு முன்னால், நடுவில், பின்னால் என்று ஒவ்வொரு சட்டையும் ஒவ்வொரு அளவு கிழிந்திருக்க வேண்டும், அதற்குத்தான் ஆறு. அண்ணனுக்கு இது யார் சொன்னார்கள்? மனசு கேட்கவில்லை. துவைத்துத் தருகிறேன் என்று சாயங்காலம் மூட்டையை வாங்கிப் போனார், வீட்டில் அண்ணி சோப்புப் போட்டு அலச, இவர் கிழிசலை எல்லாம் இழை தெரியாமல் தைத்து, பட்டன் கட்டி, மறுநாள் மடித்துக் கொண்டுபோய் வைத்தார். பாதி சண்டை ஏற்கனவே எடுத்தாகிவிட்டது! ஹீரோ அடி வாங்க வாங்கச் சட்டை புதுசாகிக்கொண்டே போனால் ஜனங்கள் சிரிக்க மாட்டார்களா? டைரக்டர் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். அண்ணன் அவரிடமே போய், “சார், கந்தையானாலும் கசக்கிக் கட்டணும் சார்” என்றாராம்.

சிரித்தது போதும். அந்த அண்ணனின் கையில் இருந்த நுணுக்கத்துக்கு யாராவது நாலு வார்த்தை கண்டினியூட்டி, அதாவது காட்சிக்குக் காட்சி உடை ஒத்துப்போக வேண்டும் என்கிற கணக்கு, சொல்லிக் கொடுத்திருந்தால் அவரைக் கூடவே கூட்டிப்போயிருப்பார்கள். திருவனந்தபுரத்தில் தையல் கடை வைத்திருந்தவர்தானே மலையாள நடிகர் இந்திரன்ஸ்? கடைப் பெயரே அவர் பெயராயிற்று. படங்களுக்கு உடை தைக்கப் போனவர், அப்புறம் நடிக்க வந்து, 2017-ஆம் ஆண்டுக்கான கேரள அரசின் சிறந்த நடிகர் விருதை வாங்கினார்.

பானு அத்தையா 2012-ல் ஆஸ்கர் சிலையை, அந்த விருது தரும் அகாடமியிடமே திருப்பிக் கொடுத்தார், அங்கே பத்திரமாக இருக்கட்டும் என்று. எனக்கு இதில் தெரிவது ஒன்றுதான், இடப் பிரச்சினை! நம்ம வாசகசாலை மாடியில் ஒரு அறை பூட்டியே கிடக்கிறது. உடைந்த கேரம் போர்டும் பழைய தேர்தல் தட்டிகளும்தான் உள்ளே. அதைத் தையல் வகுப்புக்குக் கொடுங்கள் என்று பார்க்கிறவர்களிடம் எல்லாம் கேட்டு வருகிறேன், இன்று மேடையிலேயே கேட்கிறேன். வெறும் ஜாக்கெட் தைக்கிற வகுப்பு இல்லை. அளவெடுப்பது, பேப்பரில் வரைந்து வெட்டுவது, சாயம் போடுவது, எந்தக் காலத்தில் எந்த மடிப்பு என்பது வரை, தமிழில். இரண்டு பழைய மெஷின் தருவதாக ஒரு அண்ணன் ஒத்துக்கொண்டுவிட்டார். சேச்சி சிரிக்கிறார், அதைச் சம்மதம் என்றே எடுத்துக்கொள்கிறேன்.

கூலி பற்றிச் சொல்வதாகச் சொன்னேன், தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். பேராசிரியர் ஐயா பேச வேண்டும், அவருக்குக் கடைசி பஸ்ஸும் இருக்கிறது. தையல் வகுப்புக்கான மனுத்தாள் வாசல் மேசையில் இருக்கிறது, பேனாவும் கட்டி வைத்திருக்கிறேன். சாப்பிடப் போகும் முன் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள். வணக்கம்.